மிஸ்ஸி எலியட்: ஆறு அல்பங்களுக்குப் பிறகு – வாசகர் கடிதமும் பதிலும்

மதிப்பிற்குரிய எழுத்தாளருக்கு,

வணக்கம். பல்கலைக்கழகத்தில் படிக்கும் என் மகள் ராப் வரிகள் எழுதுகிறாள். கொழும்பு நிகழ்ச்சிகளுக்கு அழைப்பவர்கள், பையன்கள் எழுதிய பாட்டில் பல்லவியை மட்டும் பாடச் சொல்கிறார்கள். அவள் போற்றும் அமெரிக்க ராப் பாடகி மிஸ்ஸி எலியட்டும் 2005க்குப் பிறகு முழு அல்பம் எதுவும் தரவில்லையாம். இத்துறையில் பெண்ணுக்கு ஆயுள் இவ்வளவுதானா?

ஒரு வாசகி, வெள்ளவத்தை

அன்புள்ள வாசகிக்கு,

அல்பங்களை மட்டும் எண்ணினால், 1997 முதல் 2005 வரை ஆறு, அத்தோடு முடிந்தது என்றுதான் கணக்கு வரும். ஆனால் மிஸ்ஸி வந்த வழி வேறு. 1993இல் ஒரு சிறுமியின் பாட்டுக்காக அவர் பாடிய ராப் பகுதிக்கு, காணொளியில் வேறொரு மெலிந்த பெண் வாயசைத்தார் என்பதை அவரே பிற்காலப் பேட்டிகளில் கூறியிருக்கிறார். குரல் வேண்டும், உடம்பு வேண்டாம் என்றிருக்கிறார்கள். அவர் அங்கம் வகித்த சிஸ்டா என்னும் பெண்கள் குழுவின் அல்பமும் 1994இல் தயாராகியும் அமெரிக்காவில் அப்போது வெளிவராமல் முடங்கியது. அதன்பின் அவர் இசைத் தயாரிப்பாளர் டிம்பலண்டுடன் சேர்ந்து, பாடகி அலியாவின் 1996ஆம் ஆண்டு அல்பத்தின் பெரும்பகுதிப் பாடல்களை எழுதினார். எழுத்தாளராக ஈட்டிய அந்தப் பெயரோடு, சில்வியா ரோன் தலைமை வகித்த எலெக்ட்ரா என்னும் பெரிய இசை நிறுவனத்தின் கீழ் தமக்கென்று ஓர் இசை நிறுவனத்தையும் பெற்றார். மறு ஆண்டு வந்த முதற் காணொளியில், காற்றடைத்த கறுப்பு உடையில் தம் உடலை இன்னும் பெரிதாக்கிக் காட்டி நின்ற குறும்பு எனக்கு இன்றும் பிடித்தமானது.

2005க்குப் பிறகும் பாடகிகள் ஜாஸ்மின் சலிவன், மொனிக்கா ஆகியோருக்குப் பாடல்களைத் தயாரித்துக்கொண்டிருந்தார். கிரேவ்ஸ் என்னும் தைரொயிட் நோய் தமக்கு இருப்பதை 2011இல் வெளியிட்டார். 2019இல் அமெரிக்கப் பாடலாசிரியர்களின் புகழ் மண்டபத்திலும், 2023இல் பெண் ராப் கலைஞர்களுள் முதலாமவராக ராக் அண்ட் ரோல் புகழ் மண்டபத்திலும் சேர்க்கப்பட்டார். தாமே தலைமையேற்ற முதல் இசைச் சுற்றுப்பயணத்தை 2024இல்தான், 53ஆம் வயதில், தொடங்கினார்.

ஆகவே, தங்கள் மகள் பல்லவி பாடப் போகட்டும். ஆனால் ஒரு சரணமாவது தம்முடைய வரிகளாக இருக்க வேண்டும் என்று முன்கூட்டியே கேட்கட்டும். எழுதுவதை அன்றன்றே தம் மின்னஞ்சலுக்குத் தாமே அனுப்பி வைத்தால் திகதியோடு சான்று இருக்கும். நமது 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தின்படி, பதிவு செய்யாமலே பதிப்புரிமை ஆக்கியவருக்குக் கிடைக்கிறது. ஆக்கத்தில் தம் பெயரைக் குறிப்பிடுமாறு கோரும் உரிமையும் அவருக்கு உண்டு. பாட்டு யூடியூபில் ஏறுவதற்கு முன்னரே இதைப் பேசி முடித்துவிடுவது நல்லது. நண்பர்கள்தானே என்று விட்டுவிட்டால், பிறகு கேட்பதற்கு அவருக்கே கூச்சமாக இருக்கும்.