கேட்டதையெல்லாம் பதிக்கும் ஓலை

அன்புள்ள ஐயா,

ஏற்காட்டில் ஒரு காப்பித் தோட்டத்தில் கணக்கு எழுதுகிறேன். மாயக்கதை ஒன்றை எழுதத் தொடங்கியிருக்கிறேன். சேர்வராயன் மலை உச்சியில் வளரும் பனையின் ஓலை, தன் முன் பேசப்படும் ஒவ்வொரு சொல்லையும் தானே பதித்துக்கொள்கிறது. அதற்கு அழிவே இல்லை. எந்தக் காலத்தில் எடுத்துக் காதில் வைத்தாலும் பேசியவரின் குரலே கேட்கும். பொய் பேசினால் ஓலை அதையும் பதிக்க வேண்டுமா, மறுக்க வேண்டுமா? இதற்கு அறிவியல் விளக்கம் தேவையா?

ஏற்காட்டு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

அறிவியல் விளக்கம் வேண்டாம். மாயம் என்று சொன்ன பிறகு அதற்குச் சான்றிதழ் எதற்கு? ஆனால் அந்தப் பனையை என்னால் மன்னிக்க முடியவில்லை. சில்வர் ஓக்கும் அதில் படர்ந்த மிளகுக்கொடியும் தினமும் கண்ணில் படுகிற ஊரில் இருந்துகொண்டு, ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில் பனையை நட்டிருக்கிறீர்கள். பனை கீழ்நாட்டு வெயிலுக்குரிய மரம். உங்கள் ஓலைக்கட்டை அடிவாரத்திலிருந்து யாரோ தலைச்சுமையாக மலையேற்றியிருக்க வேண்டும். அந்த ஆளைக் கதைக்குள் விடாமல் மரத்தை மேலே கொண்டுபோய்விட்டீர்களே!

உண்மையான ஓலையை ஒருமுறையாவது கையில் எடுத்துப் பாருங்கள். குருத்தாகவும் இல்லாமல் முற்றியதாகவும் இல்லாமல் தேர்ந்தெடுத்து, நரம்பு நீக்கி, வேகவைத்து, உலர்த்தி, மெருகேற்றிய ஓலையில் எழுத்தாணி கீறினால் வெறும் கீறல்தான் விழும். விளக்குக் கரியையும் இலைச்சாற்றையும் குழைத்துப் பூசித் துடைத்தால்தான் எழுத்து கண்ணுக்குப் புலப்படும். அழுத்திப் புள்ளி குத்தினால் ஓலை பொத்துக்கொள்ளும் என்பதால் பெரும்பாலும் புள்ளி இருக்காது. சொற்களுக்கு நடுவே இடைவெளியும் இருக்காது. ‘பெறு’ என்பதும் ‘பேறு’ என்பதும் அதில் ஒரே கோலத்தில் நிற்கும். எது என்று தீர்மானிக்கப் பாடம் தெரிந்தவர் ஒருவர் வேண்டும்.

எல்லாவற்றிலும் என்னை உறுத்துவது ‘அழிவே இல்லை’ என்ற உங்கள் வாக்கியம். நம் வெப்பத்திலும் ஈரத்திலும் பூச்சியிலும் ஓலை எத்தனை பேணினாலும் சில நூற்றாண்டுகளே தாங்கும். 1880இல் கும்பகோணத்தில் முன்சீபாக இருந்த உங்கள் ஊர்க்காரர் சேலம் இராமசாமி முதலியார், உ.வே. சாமிநாதையரிடம் சீவக சிந்தாமணி படித்ததுண்டா என்று கேட்டுக் கையெழுத்துப் பிரதி ஒன்றையும் கொடுத்தார். 1887இல் அது அச்சேறியது. திருத்தக்கதேவர் கைப்பட்ட ஓலையா அது? படியின் படியின் படி. கூலிக்கு எழுதியவரும் பக்தியால் எழுதியவரும் தூக்கக் கலக்கத்தில் ஒரு வரியைத் தாண்டியவரும் சேர்ந்து காப்பாற்றிய நூல் அது. அந்தத் தொடரில் யாராவது ஒருவர், இந்த ஓலைக்கு அழிவில்லை என்று உங்களைப் போல நம்பியிருந்தால் முதலியார் கொடுப்பதற்கு எதுவும் இருந்திருக்காது.

எல்லாவற்றையும் பதிக்கும் கருவியை நான் வீட்டிலேயே பார்த்திருக்கிறேன். நான் சிறுவனாக இருந்தபோது, அம்மாபேட்டையில் எங்கள் குழித்தறிக்குப் பக்கத்தில் பாட்டியை உட்காரவைத்து அவள் தாலாட்டை மாமா டேப் ரெக்கார்டரில் பிடித்தார். தறியை நிறுத்தச் சொல்ல யாருக்கும் மனமில்லை. முகூர்த்தச் சேலை நெசவில் இருந்தது. தறியின் நாடா ஓடுவதும், மிதி அமுங்குவதும், பாவில் இழை அறுந்துவிட்டதென்று அத்தை போட்ட கூச்சலும் அதில் அப்படியே இருக்கின்றன. பாட்டி தாய்மாமன்மார் பெயர்களை அடுக்கும் இடத்தில் சரியாகத் தறிப்பலகை அடிக்கிறது. அந்தப் பாட்டு வரிகளைப் பிற்பாடு எனக்குப் பாடிக்காட்டியது சித்திதான், அதுவும் ஒரு மாமன் பெயரை விட்டுவிட்டு. அந்த வீட்டோடு எங்களுக்குப் பேச்சுவார்த்தை அற்றுப்போயிருந்தது. கேட்டபோது, “பாட்டுல அவருக்கு எடமில்ல” என்று முடித்துக்கொண்டார். எந்த இயந்திரமும் தர முடியாத செய்தி அது. நீங்களோ சித்தி போன்றவர்களுக்கு வேலையே இல்லாத ஓலையைப் படைத்து, அதை அதிசயம் என்கிறீர்கள். உங்கள் சட்டைப்பையில் இருக்கும் செல்போன் அந்த அதிசயத்தைச் செய்துகொண்டுதானே இருக்கிறது?

ஓலையைச் சாகவிடுங்கள். இரண்டு மூன்று தலைமுறையில் குரல் மங்கட்டும். மங்குவதற்கு முன் ஒருத்தி அதை முழுக்கக் கேட்டுத் தன் வாயால் புதிய ஓலைக்குச் சொல்ல வேண்டும் என்று வையுங்கள். அவள் சொல்லக் கூசியது அவளோடு நின்றுவிடும். இது என் பழைய பிடிவாதம். உங்கள் கதையை எனக்கு வேண்டிய பக்கம் இழுக்கிறேன் என்று தோன்றினால், இழுக்கத்தான் செய்கிறேன்.

பொய் பதியுமா என்று கேட்டிருந்தீர்கள். பேசியவன் பொய் தாராளமாகப் பதியட்டும். அதைப் பொய் என்று அறிந்தே படியெடுப்பவள் அடுத்த ஓலைக்கு என்ன சொன்னாள் என்பதை ஒரு பக்கத்தில் எழுதி அனுப்புங்கள். நாவல் முழுவதையும் இப்போது அனுப்ப வேண்டாம்.