நள்ளிரவு மேட்சும் மறுநாள் தூக்கமும்

கேள்வி: எனக்கு வயது 44. காலை 6 மணி ஷிஃப்ட். பெரிய மேட்ச் பார்த்துவிட்டுப் படுத்தால் நெஞ்சு படபடவென்று அடிக்கிறது, தூக்கம் வருவதில்லை. மறுநாள் வேலை முடிந்து வந்து மூன்று மணி நேரம் தூங்கிவிடுகிறேன். அன்று இரவும் தூக்கம் கெடுகிறது. என்ன செய்யலாம்?

பதில்: 2023 ஐபிஎல் இறுதிப் போட்டி நினைவிருக்கிறதா? மழையால் திங்களுக்குத் தள்ளிப்போய், கடைசி இரண்டு பந்துகளில் ஜடேஜா சிக்ஸரும் பவுண்டரியும் அடித்து முடித்தபோது அதிகாலை ஒன்றரை மணி. உட்கார்ந்து பார்த்தவர் உடம்பிலும் அட்ரினலின் என்ற பரபரப்பு ஹார்மோன் ஏறியிருக்கும். அது இறங்க நேரம் பிடிக்கும். அதுவரை படுக்கையில் புரள வேண்டாம். விளக்கைக் குறைத்து, வெதுவெதுப்பான நீரில் குளியுங்கள். தோலுக்கு ரத்தம் பாய்ந்து உடலின் உள்வெப்பம் தணியும். தூக்கம் அப்போதுதான் வரும். ஹைலைட்ஸ் காலையில் பார்த்துக்கொள்ளலாம். கண் சொக்கியதும் படுங்கள்.

இரவு மேட்ச் என்றால் டீ, காபி மாலையோடு போதும். குடித்த கஃபீனில் பாதி குறையவே சுமார் 5 மணி நேரம் ஆகும்.

உங்கள் சிக்கலின் வேர் அந்த மூன்று மணி நேரத் தூக்கம்தான். அலாரம் வைத்து 20 நிமிடம் போதும், அதுவும் மாலை நான்குக்குள். மிச்சத் தூக்கக் கடனை அன்றிரவு சற்று முன்னதாகப் படுத்துத் தீர்த்துவிடுங்கள். இதைவிட நல்ல வழி, மேட்ச் அன்று பிற்பகலிலேயே ஒன்றரை மணி நேரம் தூங்கிவைப்பது. இரவு மூன்று மணி நேரம் மட்டுமே தூங்கிவிட்டுக் காலையில் வேலைக்குப் பைக் ஓட்டாதீர்கள். கம்பெனி பஸ்ஸோ டவுன் பஸ்ஸோ பிடியுங்கள்.

படபடப்பைப் பற்றித்தான் எனக்குக் கவலை. 2006 உலகக் கோப்பை கால்பந்தின்போது மியூனிக் பகுதியில் நடந்த ஆய்வில், ஜெர்மனி ஆடிய நாட்களில் இதய அவசரநிலைகள் வழக்கத்தைவிட சுமார் 2.7 மடங்கு இருந்தன. ஏற்கெனவே இதய நோய் இருந்தவர்களுக்கு ஆபத்து இன்னும் கூடுதல். பிபி மாத்திரை எடுப்பவரானால் மேட்ச் பரபரப்பில் அதை மறக்கக் கூடாது. இந்த வயதில் ஒருமுறை பிபி, சர்க்கரை, ஈசிஜி பார்த்துவிடுங்கள். படபடப்போடு நெஞ்சில் அழுத்தம், வியர்வை, மூச்சுத் திணறல், தாடைக்கோ கைக்கோ பரவும் வலி வந்தால் வாயுப் பிடிப்பு என்று சோடா குடித்துக் காத்திருக்காதீர்கள். மேட்ச் எந்த ஓவரில் இருந்தாலும் 108-ஐ அழையுங்கள்.