‘ஆரவ்’ என்றால் அமைதியா, ஆரவாரமா?

கேள்வி: எனக்கு ஏழாவது மாதம். ஆண் குழந்தை என்றால் ஆரவ், பெண் என்றால் அதிதி என்று பேசி வைத்திருக்கிறோம். ‘ஆரவ்’ என்றால் அமைதி என்று பத்து இணையதளங்கள் சொல்கின்றன, ஒன்று மட்டும் ‘சத்தம்’ என்கிறது. எதை நம்புவது?

பதில்: அந்த ஒன்றைத்தான். பத்தும் ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதியவை, எழுத்துப்பிழைகூட மாறாமல் இருக்கும். அதனால் எண்ணிக்கையைப் பார்க்காதீர்கள். சமஸ்கிருதத்தில் ‘ஆரவ’ என்றால் ஒலி, கூச்சல், அலறல். நம் ‘ஆரவாரம்’ நினைவுக்கு வருகிறதல்லவா? முதல் எழுத்து குறில் ‘அ’வாக இருந்தால் ‘ஒலியற்ற’ என்று பொருள் கொள்ள இடமுண்டு. அதில் யாரோ குழம்பியிருக்கலாம். தமிழில் ‘அரவம்’ என்றால் பாம்பும்கூட என்பது வேறு விஷயம்.

‘அதிதி’யில் சிக்கல் வேறு. தேவர்களின் தாய் அதிதியும், ‘அதிதி தேவோ பவ’வில் வரும் விருந்தாளியும் வடமொழியில் வெவ்வேறு சொற்கள். முதல் சொல்லில் (Aditi) நடுவெழுத்து மெலிந்த ‘த’, இரண்டாவதில் (Atithi) வல்லின ‘த’, கடைசி எழுத்தும் வேறு. தமிழில் இரண்டையும் ஒரே மாதிரிதான் எழுதுவோம். ‘தாரா’வும் அப்படித்தான்: வடமொழியின் ஒரு ‘த’ (t) போட்டால் நட்சத்திரம், இன்னொரு ‘த’ (dh) போட்டால் நீர்த்தாரை. இலங்கைத் தமிழரிடம் சொன்னால் வாத்து!

ஆகவே பெயர் சொல்கிறவரிடம் முதலில் கேட்க வேண்டியது, “தேவநாகரியில் எழுதித் தாருங்கள்.” எழுதத் தெரியாதவர் சொல்லும் அர்த்தத்துக்குக் காசு கொடுக்காதீர்கள். எழுதிக் கொடுத்தால் கொலோன் பல்கலைக்கழகத் தளத்தில் இலவசமாகக் கிடைக்கும் மோனியர் வில்லியம்ஸ் சமஸ்கிருத–ஆங்கில அகராதியில் (1899) தேடுங்கள். முதல் பொருளோடு நிறுத்தாமல் எல்லாவற்றையும் படியுங்கள். ஒரு பொருளுக்குப் பின்னால் ‘எல்.’ (L.) என்ற குறி மட்டும் இருந்தால், அது பழைய நிகண்டுகளில் மட்டும் உள்ள பொருள், நூல்களில் வழங்கிய சான்று காட்டப்படவில்லை என்று அர்த்தம். பெயர்த்தளங்கள் அள்ளிப்போடும் விசித்திர அர்த்தங்களில் பல இந்த வகைதான்.

தமிழ்ப் பெயருக்குச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி (1924–36). சிகாகோ பல்கலைக்கழகத் தளத்தில் தேடலாம். சொல்லை அடுத்து ‘<’ குறியும் வேற்றுமொழிச் சொல்லும் இருந்தால் அது கடன் வாங்கியது. மணிமேகலையில் வரும் ‘ஆதிரை’யே வடமொழி ‘ஆர்த்ரா’விலிருந்து வந்ததுதான். பெயர் அதனால் கெட்டுவிடாது, ‘தனித்தமிழ்’ முத்திரை குத்தி விற்காமல் இருந்தால் போதும்.

அகராதியில் இல்லாததாலேயே பெயர் தவறு என்று முடிவு கட்ட வேண்டாம். இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். ‘யாழினி’யை அகராதியில் தேடினால் கிடைக்காது. பிரித்துத் தேடுங்கள்: யாழ் இருக்கிறது, இனிமை இருக்கிறது. புதுப்பெயர்தான், ஆனால் உறுப்புகள் உண்மையானவை. ‘கனிஷ்கா’வைப் பிரித்தால்? கனி இருக்கிறது, ‘ஷ்கா’ எங்கே? அது குஷானப் பேரரசர் கனிஷ்கரின் பெயர், அதுவும் ஆண்பெயர். பிரித்த எல்லாத் துண்டுக்கும் பொருள் இருக்க வேண்டும். ஒரு துண்டுக்கு மட்டும் பொருள் சொல்லி, வாலுக்கு ‘அது அழகுக்கு’ என்றால் நம்பாதீர்கள்.

எண்கணிதக்காரர்கள் தனி ரகம். ஆங்கிலத்தில் ஒரு ‘எச்’ கூட்டிவிட்டு “அர்த்தம் மாறாது” என்பார்கள். மேலே சொன்ன இரண்டு அதிதிகளைப் பிரித்துக்காட்டுவதில் அந்த ‘எச்’சுக்கும் பங்கு உண்டு! இதற்கு ஆயிரக்கணக்கில் கட்டணம் வேறு.

அவசரமும் வேண்டாம். பிரசவ வார்டிலேயே “பெயர் என்ன, பெயர் என்ன” என்று படிவத்தோடு நெருக்குவார்கள். பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும், அவ்வளவுதான். பெயர்க்கட்டத்தைக் காலியாக விட்டு, 12 மாதத்துக்குள் கட்டணமின்றிச் சேர்க்கலாம். ஒருமுறை ஏறிய பெயரை மாற்றுவது மட்டும் அரசிதழ், விண்ணப்பம், அலைச்சல் என்று நீளும். ஆகவே தமிழிலும் ஆங்கிலத்திலும் பெரிய எழுத்தில் எழுதிக்கொண்டு போய், சான்றிதழ் அச்சாகும் முன் திரையில் ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துவிடுங்கள்.