ஏரிக்கரை எங்கே போனது? வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: எங்கள் தெரு ஒரு காலத்தில் ஏரியாக இருந்தது என்கிறார்கள். உறுதி செய்ய வழி உண்டா?
– வாசகி, பழவந்தாங்கல்

பதில்: ஊர்ப் பெயரே பாதி சாட்சி. தாங்கல் என்றால் சிற்றேரி. மாம்பலம் ஏரியைத் தூர்த்துத் தியாகராய நகரை உருவாக்கத் தொடங்கியது 1920-களில். ஏரி போய்விட்டது, மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ ரோடு மட்டும் இன்னும் இருக்கிறது. ஆனால் பெயரை வைத்துக் கரை எங்கே ஓடியது என்று சொல்லிவிட முடியாது. அதற்குப் பத்திரம்தான் வேண்டும்.

தாய்ப்பத்திரத்தின், அதாவது உங்கள் பத்திரத்துக்கு மூலமான பழைய பத்திரத்தின், சொத்து விவரத்தில் நான்கெல்லையைப் படியுங்கள். 'கிழக்கே ஏரி வாய்க்கால்' என்று ஒரு வரி கிடைத்தால் போதும், அங்கிருந்து பிடித்துக்கொண்டு போகலாம். உங்கள் சர்வே எண்ணுக்கும் சுற்றியுள்ள எண்களுக்கும் புலப்படம் (ஒவ்வொரு சர்வே எண்ணுக்கும் உள்ள நில அளவை வரைபடம்) எடுத்து, அடுத்தடுத்து வைத்து ஒட்டுங்கள். தாளுக்குத் தாள் அளவுவிகிதம் மாறும். எல்லாவற்றையும் ஒரே விகிதத்துக்குக் கொண்டுவராமல் ஒட்டினால் வாய்க்கால் பாதியிலேயே அறுந்து நிற்கும்.

பலர் தடுமாறுவது மாவட்டத்தில். உங்கள் பகுதியின் பழைய பத்திரங்களில் 'செங்கல்பட்டு மாவட்டம், சைதாப்பேட்டை தாலுகா' என்றுதான் இருக்கும். சென்னை என்று தேடினால் சிக்காது. இணையத்தில் வில்லங்கச் சான்று (ஒரு சொத்தின் மேல் பதிவான பத்திரங்களின் பட்டியல்) ஒரு குறிப்பிட்ட ஆண்டிலிருந்துதான் கிடைக்கும். அதற்கு முந்தையதற்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் மனு கொடுத்துத் தேடச் சொல்ல வேண்டும். ஊர் நகரமான பின் நிலங்களைப் புதிதாக அளந்த நகர அளவைக்குப் பிறகு சர்வே எண்ணும் மாறியிருக்கும். பழையது, புதியது இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வையுங்கள். இதை விட்டால் அடுத்து வருபவருக்கு உங்கள் உழைப்பு பயன்படாது.

கேள்வி: 90 வயதுப் பாட்டியிடம் ஊர்க்கதை கேட்கிறேன். வருடத்தை மாற்றி மாற்றிச் சொல்கிறார்.
– வாசகர், ஆதம்பாக்கம்

பதில்: வருடத்தைக் கேட்காதீர்கள். "அண்ணா இறந்தப்போ இந்தக் கிணத்துல தண்ணி எடுத்தீங்களா பாட்டி?" (1969 பிப்ரவரி), "எம்.ஜி.ஆர். இறந்தப்போ தெருவுக்குத் தார் போட்டாச்சா?" (1987 டிசம்பர்) என்று கேளுங்கள். இரண்டு பதிலுக்கும் நடுவில் காலம் தானாக அகப்படும்.

போனை அவரிடமிருந்து ஓர் அடி தூரத்தில், மடித்த துண்டின் மேல் வையுங்கள். மின்விசிறியை நிறுத்துங்கள், வெயில் ஏறுமுன் காலையிலேயே உட்கார்ந்தால் அவருக்கும் புழுங்காது. தேதி, இடம், பேசுபவர் பெயர் மூன்றையும் பதிவின் தொடக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். முக்கியமாக, "அதோ அங்கதான் களம் இருந்துச்சு" என்று அவர் கை நீட்டுவார். பதிவில் கை தெரியாது. "ரயில்வே கேட் பக்கமா பாட்டி?" என்று அப்போதே கேட்டு வாங்குங்கள்.

கேள்வி: தாத்தா காலத்துத் தெருப் படம் பிரேம் கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டது. பிரிக்கலாமா?
– வாசகி, குரோம்பேட்டை

பதில்: வேண்டவே வேண்டாம். நம் ஊர்ப் புழுக்கத்தில் படத்தின் மேலுள்ள ஜெலட்டின் படலம் இளகிக் கண்ணாடியைப் பிடித்துக்கொள்கிறது. பிய்த்தால் முகங்கள் கண்ணாடியோடு வந்துவிடும். கண்ணாடியின் வெளிப்பக்கத்தை உலர்ந்த மெல்லிய துணியால் துடைத்து, ஜன்னலோரம் பக்கவாட்டு வெளிச்சத்தில் வைத்து, கேமராவைப் படத்துக்கு நேராகப் பிடித்து எடுங்கள். உங்கள் பின்னால் கறுப்புத் துணி கட்டினால் பிரதிபலிப்பு விழாது. ஒட்டாத மற்ற படங்களை 600 டிபிஐ (அங்குலத்துக்கு 600 புள்ளி) நுணுக்கத்தில், படத்தின் தரம் குறையாத டிஃப் (TIFF) கோப்பாக ஸ்கேன் செய்யுங்கள். விவரத்தைப் பின்புறம் மென்மையான பென்சிலில், ஓரமாக, அழுத்தாமல் எழுதுங்கள். பால்பாயிண்ட் பேனாவின் தடம் முன்பக்கம் புடைத்துத் தெரியும். லேமினேஷன் மட்டும் செய்யாதீர்கள், அதைத் திரும்பப் பிரிக்க முடியாது.