பதில்: எடை கூடியவர் நெஞ்சில் குத்திக்கொண்டே ஏறி வந்தால்

நேராகப் பின்னால் போகிறேன், பாய் விளிம்பில் மாட்டிக்கொள்கிறேன் என்று எழுதியிருக்கிறீர்கள். கியோகுஷின் (முழு பலத்துடன் அடித்து மோதும் ஜப்பானிய கராத்தே வகை) ஸ்பாரிங்கில், அதாவது பயிற்சி மோதலில், பலருக்கு இதே தொல்லைதான். முகத்தில் குத்தக் கூடாது என்பதால் எதிராளி பயமில்லாமல் ஒட்டிக்கொண்டு வருவார். பின்வாங்கப் பின்வாங்க அவருக்கு வேகம்தான் கூடும்.

முன்னால் போங்கள், ஆனால் கோணத்தில். அவர் இடது கால் முன்னே என்றால், உங்கள் வலது காலை அந்தக் காலுக்கு வெளிப்பக்கமாக, குறுக்காக வையுங்கள். உடனே இடது காலைப் பின்னால் சுழற்றி, அவர் விலாவைப் பார்த்து நில்லுங்கள். அவருடைய வலது கைக்கு இப்போது நீங்கள் எட்ட மாட்டீர்கள். அவர் திரும்பிப் பார்ப்பதற்குள் இடது முழங்காலை அவர் வயிற்றில் ஏற்றுங்கள், அல்லது முன்தொடையில் ஒரு லோ கிக் (தாழ்வான உதை). அடித்துவிட்டு அங்கேயே நிற்காதீர்கள், மறுபடி கோணம் மாற்றுங்கள்.

பலர் காலை வைத்துவிட்டு இடுப்பைத் திருப்ப மறந்துவிடுகிறார்கள். அப்போது பக்கவாட்டில் நின்று அடி வாங்குவதுதான் மிச்சம்.

கியோகுஷினில் இருந்த ஹிதேயுகி அஷிஹாரா 1980-இல் தனிப் பள்ளி தொடங்கி, இப்படிக் கோணத்தில் நகர்ந்து எதிராளியின் பக்கம் போய் அடிக்கும் 'சபாகி'யையே அதன் மையமாக்கினார். அந்தப் பள்ளியின் காணொளிகளைப் பாருங்கள். ஆனால் அதில் வரும் கழுத்துப் பிடி, சட்டைப் பிடி எல்லாம் உங்கள் போட்டியில் ஃபவுல். கால் வேலையை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் குத்து வேண்டாம். நண்பரை மெதுவாக நடந்து வரச் சொல்லி, அந்த ஒரு காலடியை மட்டும் பழகுங்கள். அப்புறம் வேகம் கூட்டலாம்.