குவாரி கேட்டு வழக்குப் போட்டால் கிடைக்குமா?

கேள்வி: கருங்கல் குவாரிக் குத்தகை கேட்டு விண்ணப்பித்து இரண்டு ஆண்டு ஆகிறது. பதிலே இல்லை. ‘குத்தகையைக் கொடு’ என்று அரசுக்கு உத்தரவிடச் சொல்லி உயர் நீதிமன்றம் போகலாமா?

போகலாம். ஆனால் அந்த உத்தரவு கிடைக்காது. அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின்கீழ் ரிட் மனு (அரசுக்கு ஆணையிடும்படி உயர் நீதிமன்றத்தைக் கேட்கும் மனு) போட்டால், ‘விண்ணப்பத்தைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் முடிவெடுங்கள்’ என்று நீதிமன்றம் சொல்லும். அந்த முடிவு ‘இல்லை’ என்றும் இருக்கலாம். சட்டப்படியான உரிமை உங்களுக்கும், அதை நிறைவேற்றும் கடமை அரசுக்கும் இருந்தால்தான் ‘செய்’ என்று ஆணையிட முடியும். கனிமத்தில் அந்த உரிமை விண்ணப்பித்ததாலேயே வந்துவிடாது.

கேள்வி: நான் விண்ணப்பித்த பிறகு விதியை மாற்றிவிட்டார்கள். தாமதித்தது அவர்கள்தானே? பழைய விதிப்படி கேட்க முடியாதா?

உங்கள் ஆதங்கம் நியாயமானது. இதே வாதம் தமிழ்நாட்டு வழக்கொன்றிலேயே எழுந்தது. 1977-இல் நம் சிறுகனிமச் சலுகை விதிகளில் (கருங்கல், கிரானைட் போன்ற சிறுகனிமங்களுக்குக் குத்தகை கொடுக்கும் விதிகள்) 8-சி என்ற விதியைச் சேர்த்தார்கள்: இனிமேல் கருப்பு கிரானைட் குத்தகை தனியாருக்குக் கிடையாது. ஏற்கெனவே விண்ணப்பித்திருந்தவர்களும், புதுப்பிக்கக் கேட்டிருந்தவர்களும் வழக்குப் போட்டார்கள். உயர் நீதிமன்றத்தில் வென்றார்கள். 1981-இல் ஹிந்த் ஸ்டோன் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. விண்ணப்பத்தை நியாயமான காலத்துக்குள் முடிக்க வேண்டும் என்பது உண்மை; அதற்காகப் பழைய விதிப்படியே முடிக்க வேண்டும் என்றாகாது, முடிவெடுக்கும் நாளில் எந்த விதி நடப்பில் இருக்கிறதோ அதுவே செல்லும் என்றது. குத்தகையைப் புதுப்பிக்கவும் யாருக்கும் உரிமை கிடையாது.

தாமதத்தின் சுமை முழுவதும் விண்ணப்பித்தவர் தலையில் விழுகிறதே என்ற வருத்தம் எனக்கு உண்டு. ஆனாலும் அந்தத் தீர்ப்பின் அடிப்படை சரி என்றே நினைக்கிறேன்: பூமிக்கடியில் இருப்பது ஊர்ச் சொத்து, வரிசையில் முதலில் நின்றவரின் சொத்தல்ல. 2015 ஜனவரி 12-இல் சுரங்கச் சட்டத்தைத் திருத்தியபோது, இரும்புத் தாது போன்ற பெருங்கனிமங்களுக்கான நிலுவை விண்ணப்பங்கள் சில விலக்குகள் தவிர ஒட்டுமொத்தமாகச் செல்லாமல் போயின.

கேள்வி: அரசு வாக்குக் கொடுத்தது, நம்பி முதலீடு செய்தோம்.

மோனெட் இஸ்பாத் வழக்கில் (2012) இரும்புத் தாதுவுக்காக இதைச் சொல்லிப் பார்த்தார்கள். உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை.

கேள்வி: என் பட்டா நிலத்துக்கு அடியில் உள்ள கல் என்னுடையதுதானே?

இருக்கலாம். கேரளாவின் மலபார் நிலங்கள் பற்றிய 2013 தீர்ப்பு, நிலத்தடிக் கனிமமும் நில உடைமையாளருடையதே என்றது. ஆனாலும் அனுமதி இல்லாமல் வெட்ட முடியாது. உடைமை வேறு, வெட்டும் உரிமை வேறு.

கேள்வி: ஏலமே இல்லாமல் வேண்டியவருக்குக் கொடுத்தால்?

இங்கே நீதிமன்றத்தின் கை நீளும். ஏலமில்லாமல் கொடுத்த 122 அலைக்கற்றை (2ஜி தொலைபேசி) உரிமங்களை 2012 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. ஏலம்தான் ஒரே வழி என்று அரசியலமைப்பு சொல்லவில்லை என அதே ஆண்டு செப்டம்பரில் ஐந்து நீதிபதிகள் தெளிவுபடுத்தினாலும், தன்னிச்சையாகக் கொடுத்தால் அரசியலமைப்பின் 14-ஆம் பிரிவு (சட்டத்தின் முன் சமத்துவம்) குறுக்கே நிற்கும் என்றார்கள். ஆகவே மனுவில் ‘எனக்குக் கொடு’ என்று கேட்காமல், அந்த ஒதுக்கீட்டை ரத்து செய்து விதிப்படி மறுபடி பரிசீலிக்கும்படி கேளுங்கள்.