வாசகர் கேள்வி, எங்கள் பதில்: மூன்று நாள் கேன்யன் பஸ் டூர்

பிள்ளைகளைப் பார்க்க ஏப்ரலில் அமெரிக்கா போய் அக்டோபரில் திரும்பும் நெல்லைச் சீமைப் பெற்றோர் பலர், அங்குள்ள பாலைவனப் பள்ளத்தாக்குகளுக்கு நடத்தப்படும் குழுச் சுற்றுலா பற்றிக் கேட்டு எழுதியிருக்கிறார்கள். இந்த இதழில் அவை மட்டும்.

கே: மகன் கலிஃபோர்னியாவில் இருக்கிறான். லீவு கிடைக்காது என்பதால் எங்கள் இருவரையும் லாஸ் வேகஸிலிருந்து புறப்படும் மூன்று நாள் டூரில் அனுப்புகிறேன் என்கிறான். ஸயான், பிரைஸ், ஆன்டிலோப், ஹார்ஸ்ஷூ பெண்ட், கிராண்ட் கேன்யன் என்று ஐந்து இடம் போட்டிருக்கிறது. மூன்று நாளில் இது நடக்கிற காரியமா?
– ஓய்வுபெற்ற ஆசிரியை, பாளையங்கோட்டை

ப: நடக்கும் டீச்சர். ஆனால் முதலில் தூரத்தைக் கூட்டிப் பாருங்கள். லாஸ் வேகஸிலிருந்து ஸயான் சுமார் 260 கி.மீ., அங்கிருந்து பிரைஸ் 135, பிரைஸிலிருந்து பேஜ் என்ற சிற்றூர் 240 (ஆன்டிலோப் என்ற குறுகிய பாறைப் பிளவும் ஹார்ஸ்ஷூ பெண்ட் என்ற ஆற்று வளைவும் அதன் ஓரத்தில்தான் இருக்கின்றன), பேஜிலிருந்து கிராண்ட் கேன்யன் தெற்கு விளிம்பு 220, திரும்பி லாஸ் வேகஸ் 450. ஆக 1,300 கி.மீ. சாலை நன்றாக இருந்தாலும் பதினைந்து, பதினாறு மணி நேரம் இருக்கையிலேயே கழியும்.

எத்தனை இடம் என்று எண்ணி டூரை எடை போடாதீர்கள். ஒவ்வோர் இடத்திலும் எத்தனை மணிக்கு இறக்கிவிடுவார்கள், எத்தனை மணிக்கு ஏற்றுவார்கள் என்று எழுத்தில் கேட்டு வாங்கச் சொல்லுங்கள். ஸயானில் ஒன்றரை மணி நேரம் என்றால் அது வாசலைப் பார்த்ததோடு சரி. மார்ச் முதல் நவம்பர் வரை பெரும்பாலான நாட்களில் உள்பள்ளத்தாக்குச் சாலையில் சொந்த வண்டிகளை விடுவதில்லை. பூங்காவின் இலவச ஷட்டில் பஸ்ஸுக்கு வரிசையில் நின்றுதான் உள்ளே போக வேண்டும். அங்கே மூன்று மணி நேரத்துக்குக் குறைந்தால் பிரயோஜனமில்லை.

அடுத்து, கிராண்ட் கேன்யன் என்று போட்டிருந்தால் எந்த விளிம்பு என்று கேளுங்கள். பலர் ஏமாறுவது இதில்தான். லாஸ் வேகஸுக்குப் பக்கம் என்பதால் நிறைய டூர்கள் மேற்கு விளிம்புக்குப் போகின்றன. அது தேசியப் பூங்காவே அல்ல. ஹுவாலப்பாய் பழங்குடியினரின் நிலம். கட்டணம் தனி. 2007-இல் திறந்த கண்ணாடி நடைமேடை அங்கேதான் இருக்கிறது. அதன்மேல் சொந்த ஃபோன், கேமரா கொண்டுபோக விடமாட்டார்கள். படங்களில் நாம் பார்க்கும் அந்தப் பரந்த பள்ளத்தாக்கு தெற்கு விளிம்பில் இருக்கிறது. அதையும் நடுப்பகலில் பார்த்தால் நிழலே விழாமல் வெளிறித் தட்டையாகத் தெரியும். காலை எட்டுக்கு முன்போ மாலை ஐந்துக்குப் பின்போ விளிம்பில் நிற்கும்படி அமைத்த டூர் ஐம்பது டாலர் கூடுதலாக இருந்தாலும் அதையே எடுங்கள்.

கடைசியாக, வண்டி. ஐம்பது பேர் போகும் பெரிய பஸ் மலிவு. பன்னிரண்டு, பதினான்கு பேர் போகும் வேன் விலை கூடுதல். இப்போது வேனுக்குச் சாதகமான ஒரு காரணம் சேர்ந்திருக்கிறது. ஸயானிலிருந்து பிரைஸுக்குப் போகும் குறுக்குவழி, 1930-இல் திறந்த 1.8 கி.மீ. நீளமுள்ள மலைச் சுரங்கம் வழியாகப் போகிறது. 2026 ஜூன் 7 முதல் அந்தச் சாலையில் பெரிய வண்டிகளுக்கு அனுமதியில்லை. பெரிய பஸ் சுற்றித்தான் போக வேண்டும். மேலே சொன்ன 135 கி.மீ. வேனுக்குத்தான் பொருந்தும்.

கைடு சொன்ன நேரத்துக்கு வந்துவிடுங்கள். அந்நாட்டுச் சட்டப்படி பயணிகள் பஸ் ஓட்டுநர் ஒரு பணிமுறையில் பத்து மணி நேரத்துக்கு மேல் வண்டி ஓட்டக் கூடாது. இருபது நிமிடம் உங்களுக்காக நின்றால் அடுத்த இடத்தில் எல்லாருக்கும் இருபது நிமிடம் குறையும்.

கே: எனக்கு முழங்கால் தேய்மானம். மாடிப்படி ஏறினாலே வலி. இந்த டூர் தாங்குமா அண்ணாச்சி?
– வாசகி, வள்ளியூர்

ப: ஆன்டிலோப்பைத் தவிர மற்றது தாங்கும் அக்கா. கிராண்ட் கேன்யன் தெற்கு விளிம்பில் நடைபாதையின் பெரும்பகுதி தார் போட்டது, சமதளம். மாதர் பாயின்ட் என்ற காட்சிமுனை தகவல் மையத்திலிருந்து சில நிமிட நடைதான். பிரைஸில் சன்செட் பாயின்டிலிருந்து சன்ரைஸ் பாயின்ட் வரை முக்கால் கி.மீ. சொச்சம் விளிம்போரமாகவே போகலாம். கீழே இறங்கும் பாதையில் ஆசைப்பட்டுக் கால் வைக்காதீர்கள். ஹார்ஸ்ஷூ பெண்டுக்குப் போக வர 2.4 கி.மீ. நடக்க வேண்டும், நிழல் கிடையாது.

ஆன்டிலோப்பில் மேல், கீழ் என இரண்டு இருக்கின்றன. கீழ் ஆன்டிலோப்பில் ஆள் உயரத்துக்கும் மேலான செங்குத்து இரும்பு ஏணிப்படிகளில் இறங்க வேண்டும். அது உங்களுக்கு வேண்டாம். மேல் ஆன்டிலோப்பின் உள்ளே தரை சமமான மணல். ஆனால் மறுபக்கம் வெளியே வந்தபின் திரும்புவதற்கு இரும்புப் படிகளும் சாய்தளமும் உண்டு. மகனிடம் சொல்லி, புக் செய்யும்போதே இது எந்த ஆன்டிலோப் என்று கேட்டுவிடுங்கள். பெரும்பாலான மலிவு டூர்கள் கீழ் ஆன்டிலோப்புக்குத்தான் போகின்றன.

படம் எடுப்பவர்களுக்கு ஒரு சொல்: மேல் கேன்யன் மேலே குறுகி அடியில் அகன்றது. அதனால் மார்ச் கடைசி முதல் அக்டோபர் தொடக்கம் வரை உச்சிப்பொழுதில் ஒளிக்கற்றை தூண்போல உள்ளே இறங்கும்; மற்ற நேரம் இருட்டு. கீழ் கேன்யன் மேலே அகன்றது. ஃபோன் கேமராவுக்கு அதுவே நல்லது. இரண்டிலும் பைக்கும் முக்காலிக்கும் தடை. தண்ணீர் பாட்டிலைக் கையில் பிடித்துக்கொள்ளலாம்.

கே: ஆன்டிலோப் கேன்யனுக்குள் கைடு இல்லாமல் போக முடியாது என்கிறார்களே, இது காசு பிடுங்கும் ஏற்பாடா? மழையே இல்லாத பாலைவனத்தில் வெள்ளம் வரும் என்று வேறு பயமுறுத்துகிறார்கள்.
– வாசகர், கடையம்

ப: கடையத்துக்காரர் கேட்கலாமா இதை? குற்றாலத்தில் அருவியடியில் வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதே மேலே மலையில் பெய்த மழை இறங்கிவிடுகிறது. 2024 மே மாதம் பழைய குற்றாலத்தில் ஓர் இளம் உயிரைக் கொண்டுபோனது அப்படி வந்த வெள்ளம்தான். ஆன்டிலோப்பில் நடப்பதும் அதுவே, இன்னும் மோசமாக. சுற்றிலும் மொட்டைப் பாறை. மண்ணும் மரமும் இல்லை என்பதால் பெய்த மழை உறிஞ்சப்படாமல் அப்படியே ஓடும். பல கி.மீ. பரப்பில் விழுந்த நீர் முழுவதும் இரண்டு ஆள் அகலமே உள்ள பிளவுக்குள் புகும்போது ஓடி ஏற இடம் கிடையாது. 1997 ஆகஸ்ட் 12 அன்று கீழ் ஆன்டிலோப்பில் 11 சுற்றுலாப் பயணிகள் அப்படித்தான் இறந்தார்கள். மழை பெய்தது அவர்கள் தலைமேல் அல்ல, தொலைவில்.

அதற்குப் பிறகுதான் நிலையான இரும்பு ஏணிகளும் எச்சரிக்கை ஏற்பாடுகளும் வந்தன. இடம் நவாஹோ மக்களுடையது. கைடுடன் மட்டுமே அனுமதி என்பது அவர்கள் விதி. ஜூலை முதல் செப்டம்பர் நடுப்பகுதி வரை அங்கே பருவமழைக் காலம். காலையில் வானம் பளிச்சென்றிருக்கும், பிற்பகலில் இடி இடிக்கும். அந்த மாதங்களில் போவதென்றால் காலை நேரச் சீட்டு வாங்குங்கள். கைடு மூடிவிட்டோம் என்றால் வாதாடாதீர்கள். பணம் திரும்புமா, மாற்று இடம் காட்டுவார்களா என்பதை டூர் கம்பெனியிடம் முன்கூட்டியே கேட்டுவைப்பது வாசகரின் பொறுப்பு. ஸயானில் ஆற்றுக்குள்ளேயே நடக்கும் நாரோஸ் பாதைக்கும் இதே எச்சரிக்கை பொருந்தும்.

கே: தேரிக்காட்டு வெயிலில் வளர்ந்தவர்கள் நாங்கள். அங்கே வெயில் என்ன செய்துவிடும்?
– வாசகர், திசையன்விளை

ப: நம்மூரில் வேர்வை சட்டையை நனைக்கும், உடனே தண்ணீர் குடிக்கத் தோன்றும். அங்கே காற்றில் ஈரமே இல்லை. வேர்வை தெரியுமுன்பே காய்ந்துவிடும். தாகமும் பிந்தித்தான் எடுக்கும். உதடு வெடிக்கும், சிலருக்கு மூக்கில் ரத்தம் எட்டிப்பார்க்கும். வெயிலில் நடக்கும்போது மணிக்கு அரை லிட்டர் முதல் ஒரு லிட்டர் வரை வேண்டும். வெறும் தண்ணீராகவே குடித்தால் உடலில் உப்புக் குறைந்து தலைசுற்றல், வாந்தி வரும். கூடவே உப்புக்கடலையோ ஓஆர்எஸ் பொடியோ இருக்கட்டும். ரத்த அழுத்தத்துக்கும் சிறுநீரகத்துக்கும் மருந்து சாப்பிடுவோர் இதை மருத்துவரிடம் கேட்டுக்கொள்ள வேண்டும்.

கிராண்ட் கேன்யனில் 300 மீட்டர் இறங்கினால் சுமார் 3 டிகிரி சூடு கூடும். தெற்கு விளிம்பு 2,100 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே இதமாக இருக்கும் அதே நேரத்தில் அடியில் ஆற்றங்கரை 40 டிகிரியைத் தாண்டியிருக்கும். மலையேற்றத்தில் களைத்தால் திரும்பி இறங்கலாம். இங்கே களைப்பு தெரிவதே அடியில். ஏறுவதற்கு இறங்கிய நேரத்தைப்போல் இரண்டு மடங்கு ஆகும். டூரில் இரண்டு மணி நேரம் கொடுத்திருந்தால் நாற்பது நிமிடத்துக்கு மேல் இறங்காதீர்கள். கோடையில் காலை பத்து முதல் மாலை நான்கு வரை இறங்கவே வேண்டாம்.

தேரிக்காட்டுக்காரர்களுக்குக் குளிர்தான் சோதனை. பிரைஸ் 2,400 மீட்டருக்கும் மேலே. ஜூன் மாத இரவிலும் ஸ்வெட்டர் தேவைப்படும்.

கே: நாங்கள் சைவம். மூன்று நாள் சாப்பாட்டுக்கு என்ன செய்ய? இங்கிருந்து சின்ன மின் கெட்டில் கொண்டுபோகலாமா?
– வாசகி, சேரன்மகாதேவி

ப: கெட்டிலை வீட்டிலேயே வையுங்கள். அங்கே மின்சாரம் 120 வோல்ட். நம் 230 வோல்ட் கெட்டில் ஏறக்குறைய கால் பங்கு சக்தியில்தான் வேலை செய்யும். 1,500 வாட் கெட்டில் 400 வாட்டாகச் சுருங்கி, நாலு நிமிடத்தில் கொதிக்க வேண்டியது கால் மணி நேரம் இழுக்கும். டிராவல் அடாப்டர் பின்னின் வடிவத்தை மட்டுமே மாற்றும், வோல்ட்டேஜை மாற்றாது. ஃபோன் சார்ஜருக்கு இந்தக் கவலை இல்லை. மகன் ஊரிலேயே இருபது டாலருக்கு ஒரு கெட்டில் வாங்கிக்கொள்ளுங்கள். ஆனால் அதை நம்மூருக்குக் கொண்டுவந்து சொருகினால் புகைந்துவிடும்.

முதல் நாளுக்குப் புளியோதரை தாங்கும். தயிர்ச்சோறு வெயிலில் நின்ற பஸ்ஸில் புளித்துவிடும். இரண்டாம் நாளிலிருந்து அவல்தான் கைகொடுக்கும்: கெட்டி அவலை வெந்நீரில் பத்து நிமிடம் ஊறவைத்து, இட்லிப்பொடியோ புளிக்காய்ச்சலோ பிசைந்துகொள்ளலாம். அரிசி வேகவைக்க நினைக்காதீர்கள். அந்த உயரத்தில் தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடுவதால் சோறு விரை விரையாக நிற்கும். பேஜில் பெரிய சூப்பர் மார்க்கெட் உண்டு. தயிர், பழம், ரொட்டி கிடைக்கும். ஊரிலிருந்து பச்சைக் கருவேப்பிலை, பழம், விதை கொண்டுபோக வேண்டாம். விமான நிலையத்தில் பறித்துவிடுவார்கள். மற்ற உணவுப் பொருளைச் சுங்கத்தில் சொல்லிவிட வேண்டும்.

இன்சுலின் போடுகிறவர்கள் அதை வண்டியின் அடிப்பெட்டியில் வைக்கவே கூடாது. கைப்பையில், குளிர்காக்கும் உறையில் இருக்கட்டும்.

கே: தாமிரபரணியும் மலையிலிருந்துதான் விழுகிறது. நமக்கு ஏன் ஒரு கிராண்ட் கேன்யன் இல்லை?
– பிளஸ் டூ மாணவன், அம்பாசமுத்திரம்

ப: நல்ல கேள்வி தம்பி. கொலராடோ ஆறு ஓடும் பீடபூமி கடலடிப் படிவுகளும் மணற்பாறைகளும் அடுக்கடுக்காகக் கிடந்த நிலம். அது மொத்தமாக மேலே உயர்த்தப்பட்டபோது ஆறு கீழ்நோக்கி அறுத்தது. கடந்த 50, 60 லட்சம் ஆண்டுகளில் நடந்த வேலை அது. உச்சியில் இருக்கும் சுண்ணாம்புப் பாறைக்கு வயது சுமார் 27 கோடி ஆண்டு. அடியில் இருப்பது 170 கோடி ஆண்டுக்கும் மேல். வறண்ட ஊர் என்பதால் சுவர்கள் மழையில் கரைந்து சரிவாகிவிடாமல் செங்குத்தாக நிற்கின்றன. தாமிரபரணி ஓடுவது அடுக்கில்லாத, கெட்டியான நைஸ், சார்னோகைட் பாறைமேல். மழையும் காடும் சேர்ந்து அந்தப் பாறையை உருட்டித் தேய்க்கின்றன. ஆறும் மொத்தம் 128 கி.மீ.தான். பிரைஸ் ஆற்றால் உண்டானதே அல்ல. பாறை வெடிப்பில் இறங்கிய நீர் இரவில் உறைந்து பகலில் உருகி, ஆண்டில் 200 நாட்போல ஆப்படித்துப் பிளந்த பாறைத் தூண்கள்தான் அங்கே நிற்கின்றன.

கே: டூர் கட்டணம் போக வேறு என்ன செலவு வரும்?
– வாசகர், மேலப்பாளையம்

ப: 2026 ஜனவரி 1 முதல் அமெரிக்காவில் வசிக்காத, 16 வயதும் அதற்கு மேலுமான ஒவ்வொருவருக்கும் 11 பெரிய பூங்காக்களில் வழக்கமான நுழைவுக் கட்டணத்தோடு 100 டாலர் கூடுதல். உங்கள் பட்டியலில் உள்ள ஸயான், பிரைஸ், கிராண்ட் கேன்யன் மூன்றும் அதில் வருகின்றன. வெளிநாட்டவருக்கான ஆண்டு பாஸ் 250 டாலர். டூர் விலையில் இது அடக்கமா, பாஸ் இருந்தால் கழிப்பார்களா என்பதை மின்னஞ்சலில் பதிலாக வாங்குங்கள். பழைய விலைப்பட்டியலை நம்பி ஏறினால் மூன்று வாசலிலும் சேர்த்து ஒருவருக்கு 300 டாலர் கூடுதலாகக் கேட்பார்கள். ஆன்டிலோப் கட்டணம் பெரும்பாலும் தனி. கைடுக்கும் ஓட்டுநருக்கும் சேர்த்து ஒருவருக்கு நாளொன்றுக்கு 10 டாலர் டிப்ஸ் வழக்கம். சில கம்பெனிகள் அதைக் கட்டாயமாகவே வசூலிக்கின்றன.

கே: அங்கே மாநிலத்துக்கு மாநிலம் கடிகாரம் மாறுமாமே?
– வாசகர், களக்காடு

ப: ஆம். கோடையில் லாஸ் வேகஸும் அரிசோனாவும் ஒரே நேரம். ஸயானும் பிரைஸும் இருக்கும் யூட்டா ஒரு மணி நேரம் முன்னால். நவாஹோ நிலமும் யூட்டா நேரத்தில்தான் இருக்கிறது, ஆனால் பேஜ் ஊரும் ஆன்டிலோப் டூர்களும் அரிசோனா நேரப்படி நடக்கின்றன. பேஜ் பக்கம் ஃபோன் எந்தக் கோபுரத்தைப் பிடிக்கிறதோ அந்த நேரத்தைக் காட்டிக் குழப்பும். ஃபோனில் தானியங்கி நேரத்தை அணைத்துவிட்டு, சாதாரணக் கைக்கடிகாரத்தை ஒவ்வொரு காலையும் கைடின் கடிகாரத்தோடு ஒத்துவைத்துக்கொள்ளுங்கள்.